மந்தேகாவுக்கு ஏழு மணி ஊசி

எல்லாரும் சௌக்கியமா? முழங்கால் வலிக்காரர்கள், சர்க்கரைக்காரர்கள், பிரஷர்காரர்கள், எல்லாரும் அவரவர் மாத்திரையைப் போட்டுக்கொண்டு வந்து உட்காருங்கள். எங்கள் கமகுவே ஊரில் இந்த வாரம் வெயில் மண்டையைப் பிளக்கிறது, மின்விசிறி ஓடும் நேரத்தைவிட ஓடாத நேரம்தான் அதிகம். இன்றைக்கு எங்கள் தெருவில் விழுந்த ஒரு சாவைப் பற்றிச் சொல்கிறேன். கதையில் ஒரு பூனையும் வரும். பூனை சாகாது. அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் உங்களில் பாதிப் பேர் நடுவிலேயே எழுந்து போய்விடுவீர்கள்.

நெரெய்தா ஆடும் நாற்காலியிலிருந்து எழுந்தபோது மாலை மணி ஆறரை. அவள் மணிக்கட்டை அத்தை ஒர்தென்சியா எட்டிப் பிடித்தாள். எழுபத்தெட்டு வயதுக் கை, ஆனால் இடுக்கி மாதிரிப் பிடித்தது.

"எங்கடி கிளம்பிட்ட?"

"வீட்டுக்கு, அத்தை. ஏழு மணிக்கு மந்தேகாவுக்கு ஊசி போடணும்."

துக்க மண்டபத்தில் அதுவரை விசிறிக்கொண்டிருந்த அட்டைகள் எல்லாம் ஒரு நிமிஷம் நின்றன.

"உங்கப்பன் இங்க பெட்டியில கெடக்கான். நீ பூனைக்கு ஊசி போடப் போறியா?"

"அவர் மட்டும் எந்திரிச்சா அவரே என்னை விரட்டுவார்."

யாரோ ஒரு பெண் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். அத்தைக்கும் உதடு துடித்தது. "அது என்னமோ வாஸ்தவம்தான். எனக்கும்தான் பதினெட்டு வருஷமா சர்க்கரை இருக்கு. எங்கண்ணன் ஒரு நாள், ஒரே ஒரு நாள், 'ஒர்தென்சியா, ஊசி போட்டுக்கிட்டியா'ன்னு கேட்டிருப்பானா? நான் பூனையாப் பொறந்திருக்கணும்" என்று சொல்லிக் கையை விட்டாள். விட்ட கையாலேயே கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

பெட்டிக்கு அந்தப் பக்கம் நெரெய்தாவின் தம்பி ஓஸ்வால்தோ நின்றுகொண்டிருந்தான். லாரி ஓட்டுகிறவன், வெளியூர், சியேகோவில் வீடு. செய்தி கேட்டு மத்தியானத்துக்குள் வந்து சேர்ந்துவிட்டான். வந்ததிலிருந்து உள்ளே வருகிற ஒவ்வொருவரிடமும் ஒரே விஷயத்தைச் சொல்லிக்கொண்டிருந்தான். இப்போதும் ஒரு தம்பதியிடம் சொல்லிக்கொண்டிருந்தான்.

"தூக்கத்துலயே போயிட்டாருங்க. ஒரு சத்தம் இல்ல, ஒரு முனகல் இல்ல. அக்கா காபி எடுத்துக்கிட்டுப் போயிருக்கா, பார்த்தா போயிட்டிருந்தார். முகத்துல ஒரு சிரிப்பு வேற."

சிரிப்பை அவன் இரண்டு மணிவாக்கில் சேர்த்திருந்தான். நெரெய்தா கவனித்துக்கொண்டுதான் இருந்தாள். 'தூக்கத்துலயே போயிட்டார்' என்று காலை எட்டு மணிக்கு வாசலில் வைத்து டாக்டரிடம் சொன்னவள் அவள்தான். டாக்டர் தலையை ஆட்டினார், எழுதிக்கொண்டார். எண்பத்து மூன்று வயது, பலவீனமான இதயம், கேட்க என்ன இருக்கிறது? அந்த இரண்டு வார்த்தைகளை அவள் சொன்னது ஒரே தடவை. மிச்சத் தடவைகளை எல்லாம் ஓஸ்வால்தோ சொன்னான். ஐந்து மாதமாக அப்பாவைப் பார்க்க வராதவன் அவன். அந்த வார்த்தைகளைப் பிடித்துக்கொண்டுதான் வந்ததிலிருந்து நிற்கிறான் என்பது அவளுக்குத் தெரிந்தது. சொன்னது பொய் என்று அவனிடம் எப்படிச் சொல்வது என்பதுதான் தெரியவில்லை. சொல்லாமலே விட்டுவிட்டால் என்ன என்றும் இருந்தது. நாளைக் காலை அடக்கம். அதற்குப் பிறகு அது உண்மையாகவே ஆகிவிடும்.

"நானும் வர்றேன் அக்கா" என்றான் ஓஸ்வால்தோ. "முகம் கழுவணும். சட்டையெல்லாம் டீசல் நாத்தம்."

வேண்டாம் என்று சொல்ல அவளுக்கு ஒரு காரணமும் கிடைக்கவில்லை.

சைக்கிள் ரிக்‌ஷாவில் இருவரும் நெருக்கிக்கொண்டு உட்கார்ந்தார்கள். ஓஸ்வால்தோவின் தொப்பையும் நெரெய்தாவின் இடுப்பும் சேர்ந்ததைப் பார்த்து ரிக்‌ஷாக்காரர் பெருமூச்சு விட்டார். "ஏத்தம் வந்தா ஒருத்தராவது இறங்கிக்கங்க" என்றார்.

"நேத்து ராத்திரி அப்பா என்ன சாப்பிட்டார்?" ஓஸ்வால்தோ கேட்டான்.

"கறுப்பு பீன்ஸ், கொஞ்சம் சோறு."

"என்னைப் பத்தி ஏதும் கேட்டாரா?"

"லாரிக்கு டயர் மாத்தினியான்னு கேட்டார்."

இது உண்மை. ஓஸ்வால்தோ தெருவைப் பார்த்துக்கொண்டே, "மாத்திட்டேன்" என்றான். "போன வாரமே மாத்திட்டேன். போன் பண்ணிச் சொல்லியிருக்கலாம்."

மந்தேகா என்றால் எங்கள் ஊரில் பன்றிக் கொழுப்பு. குட்டியாக இருந்தபோது நெரெய்தாவின் அப்பா எவெலியோ வீட்டு அடுக்களையில் கொழுப்பு டப்பாவுக்குள் தலையை விட்டுக்கொண்டு மாட்டியதால் வந்த பேர். ஆரஞ்சு நிறம், அரிசி மூட்டை மாதிரி உடம்பு. இரண்டு வருஷத்துக்கு முன்னால் அது திடீரென்று தண்ணீராகக் குடிக்க ஆரம்பித்தது, குடித்ததை எல்லாம் வீடெங்கும் விட ஆரம்பித்தது, தின்றுகொண்டே இளைத்தது. கால்நடை டாக்டரம்மா பார்த்துவிட்டு, சர்க்கரை வியாதி, தினம் இரண்டு வேளை இன்சுலின் என்றார். பூனைக்கா என்று தெருவே சிரித்தது. எவெலியோ சிரிக்கவில்லை. நாற்பத்தோரு வருஷம் ரயில் பட்டறையில் ஏழு மணிச் சங்குக்கு முன்னால் போய் நின்றவர். காலை ஏழு, மாலை ஏழு என்று அவருக்குச் சொன்னால் போதும்.

மருந்து பக்கத்து வீட்டு தெல்பினாவுடையது. அவளுக்கு மருந்துக் கடை ரேஷன் அட்டையில் மாதா மாதம் வருகிற புட்டியின் அடியில் கொஞ்சம் மிஞ்சும். மனுஷிக்கு மிஞ்சுவதில் பூனைக்குத் தாராளமாகக் காணும், வேளைக்கு இரண்டே யூனிட்தான். மின்சாரம் போனால் புட்டியை ஒரு ஜாடியில் போட்டு மூடி, முற்றத்திலிருக்கும் பெரிய மண்பானைத் தண்ணீரில் மிதக்க விடுவார் எவெலியோ. ஐஸ்பெட்டி இல்லாத காலத்திலும் அந்தப் பானைதான் அந்த வீட்டின் குளிர்ச்சி.

நாலு மாதத்துக்கு முன்னால் அவர் கை நடுங்க ஆரம்பித்தது. ஒரு நாள் ஊசி பூனைக்குப் போகாமல் அவர் கட்டைவிரலுக்குள் போனது. அன்றைக்கு ஊசியை மகள் கையில் கொடுத்தார். கையில்தான் கொடுத்தார், மனசை விட்டுக் கொடுக்கவில்லை. கட்டிலிலிருந்து சத்தம் வந்துகொண்டே இருக்கும்.

"நெரெய்தா! சாப்பிட்டுதா அது? சாப்பிடாம போடாதே!"

"சாப்பிடுது, அப்பா."

"புட்டியைக் குலுக்காதே. உள்ளங்கையில உருட்டு. உருட்டினியா?"

"உருட்டுறேன்."

"நேத்து எந்தப் பக்கம் போட்ட? இன்னைக்கு அந்தப் பக்கம் வேண்டாம். தோலைக் கூடாரம் மாதிரித் தூக்கு. ஊசி அந்தப் பக்கமா வெளிய வந்துரப் போவுது."

முதல் வாரம் அப்படித்தான் வெளியே வந்தது. மருந்தெல்லாம் ரோமத்தில் போய்விட்டது. எவெலியோ பூனையைத் தூக்கி வைத்துக்கொண்டு முதுகை மோந்து பார்த்தார். "பூனைக்குப் போடச் சொன்னா இவ ரோமத்துக்குப் போட்டிருக்கா. ரோமத்துக்கா சர்க்கரை?" என்றார். நெரெய்தா முப்பது வருஷம் கணக்கு வாத்தியாராக இருந்தவள். அவளை யாரும் அப்படி மோந்து பார்த்துத் திருத்தியதில்லை. அன்றிலிருந்து சத்தம் வந்ததும், ஆனதோ ஆகவில்லையோ, "ஆச்சு அப்பா" என்று சொல்லிவிடும் பழக்கம் வந்துவிட்டது. சொன்னால் அவர் அடங்கிவிடுவார். அதற்குப் பிறகு அவள் நிதானமாகப் போடுவாள். யாருக்கும் நஷ்டமில்லாத பொய்.

வீடு வந்தது. "அரை மணியில திரும்பிடுவோம், நில்லுங்க" என்று ரிக்‌ஷாக்காரரிடம் சொல்லிவிட்டு ஓஸ்வால்தோ உள்ளே போனான்.

மின்சாரம் இல்லை. முற்றத்துக் கதவைத் திறந்ததும் வெளிச்சம் வந்தது, ஆனால் மந்தேகா வரவில்லை. கதவுச் சத்தத்துக்கே ஓடி வந்து காலைச் சுற்றுகிற பூனை. நெரெய்தா கிண்ணத்தில் அவித்த மீனைப் பிசைந்து போட்டு, கரண்டியால் தட்டினாள். வரவில்லை. அப்பாவின் அறைக்குள் போய்க் குனிந்தாள். கட்டிலுக்கு அடியில், சுவரோரமாக, அவருடைய பழைய செருப்புகளுக்கு மேல் வயிற்றை வைத்துப் படுத்திருந்தது. கண் மட்டும் தெரிந்தது.

கட்டிலில் விரிப்பு இல்லை. காலையில் யாரோ உருவிப் போயிருந்தார்கள். மெத்தையின் நடுவில் எவெலியோ படுத்த பள்ளம் அப்படியே இருந்தது.

"வா, கண்ணு. சாப்பிட வா."

"என்னக்கா, வரலையா துரை?" ஓஸ்வால்தோ ஈரமுகத்தோடு வந்து நின்றான். "ஒரு நாள் போடலைன்னா என்ன ஆயிடும்? விட்டுத் தள்ளு."

"ஒரு நாள் போடலைன்னா ஒண்ணும் ஆகாது. சாப்பிடாம போட்டாத்தான் ஆகும். சர்க்கரை இறங்கி விறைச்சுப் போயிடும்."

"அப்ப சாப்பிடலைன்னா?"

"சாப்பிடலைன்னாங்கிற பேச்சே இல்ல. சாப்பிடுற வரைக்கும் உக்காந்திருக்கணும்."

கிண்ணத்தைக் கட்டில் பக்கத்தில் தள்ளிவிட்டு அவள் தரையில் உட்கார்ந்தாள். ஓஸ்வால்தோ கதவு நிலையில் சாய்ந்து நின்றான். அந்த அறையில் இரண்டு பேரும் தனியாக இருப்பது அன்று அதுதான் முதல் தடவை. சொல்வதாக இருந்தால் இப்போது சொல்லலாம் என்று அவள் நினைத்தாள். வாயைத் திறக்கவும் செய்தாள்.

"சாமி கும்பிடப் போறவ மாதிரி உக்காந்திருக்காளே" என்று கேட்டது வாசலில். தெல்பினா. கையில் ஒரு அலுமினியச் சட்டி, அதற்குள் துணியில் சுற்றிய ஐஸ் கட்டி. "மேல் தெருவுல கரண்ட் இருக்கு, மருமகன் வீட்டுலேர்ந்து வாங்கியாந்தேன். பானைத் தண்ணியும் கொதிக்குதுடி இன்னைக்கு. மருந்து கெட்டுப் போனா எவெலியோ மேலேர்ந்து எறங்கி வந்து என்னைத் திட்டுவார்." சட்டியை வைத்துவிட்டு ஓஸ்வால்தோவைப் பார்த்தாள். அவன் கன்னத்தை இரண்டு கையாலும் பிடித்தாள். "தம்பி, நீ எதுக்கும் வருத்தப்படாதே. உங்கப்பா நிம்மதியாப் போனார். நான் சாட்சி."

"ஆமா தெல்பினா. தூக்கத்துலயே."

"தூக்கத்துலயா? யார் சொன்னா? காலையில ஏழு மணிக்கு ஜம்முனு முழிச்சிருந்தாரே. சுவருக்கு அந்தப் பக்கம்தானே என் அடுப்படி. 'நெரெய்தா, நெரெய்தா'ன்னு ரெண்டு தடவை கூப்பிட்டார், எப்பவும் போல. இவ 'ஆச்சு அப்பா'ன்னா. அப்புறம் பேச்சில்ல. பூனைக்கு ஊசி ஆயிடுச்சுன்னு காதால கேட்டுட்டுத்தான் போயிருக்கார் மனுஷன். அதைவிட என்ன நிம்மதி வேணும் அவருக்கு? என் புருஷன் போகும்போது என்னைத் திட்டிக்கிட்டே போனார்." அவளே சிரித்து, அவளே மூக்கைச் சிந்தினாள். "துணி மாத்திக்கிட்டு மண்டபத்துக்கு வர்றேன். சாப்பிட்டுதா அது? சாப்பிடாம போட்டுராதடி."

அவள் போன பிறகு வீட்டில் ஐஸ் சொட்டுகிற சத்தம் மட்டும் இருந்தது.

"முழிச்சிருந்தாரா?" ஓஸ்வால்தோ கேட்டான்.

"ஆமா."

"தூக்கத்துலன்னு சொன்னியே."

அவன் நிலையில் முதுகைத் தேய்த்துக்கொண்டான். தலையைத் தடவினான். அவன் மனசுக்குள் எதையோ இழுத்து நேராக்கிக்கொண்டிருப்பது அவளுக்குத் தெரிந்தது, சின்ன வயதில் கணக்குத் தப்பாகப் போட்டுவிட்டு ரப்பரால் அழிப்பானே, அப்படி.

"சரி" என்றான். "முழிச்சிருக்கார், பூனையைக் கேட்டிருக்கார், நீ ஆச்சுன்னிருக்க, திரும்பத் தூங்கியிருக்கார். அதுவும் தூக்கம்தானே? அதுவும் நல்லாத்தான் இருக்கு. ஒருவிதத்துல அதுதான் இன்னும் நல்லா இருக்கு." மண்டபத்தில் அடுத்து வருகிறவரிடம் சொல்லிப் பார்ப்பது போல அவன் உதடு அசைந்தது.

நெரெய்தா தலையை ஆட்டினால் போதும். தெல்பினா கொண்டு வந்து வைத்துவிட்டுப் போன பொய் அவள் சொன்னதைவிட எவ்வளவோ அழகாக இருந்தது. அதில் பாதி உண்மையும் இருந்தது.

"மூணாவது தடவை கூப்பிட்டார்" என்றாள்.

"என்ன?"

"ரெண்டு இல்ல. மூணு. மூணாவது தெல்பினாவுக்குக் கேட்டிருக்காது. மெதுவாக் கூப்பிட்டார்."

ஓஸ்வால்தோ நிலையை விட்டு நிமிர்ந்தான்.

"நான் 'ஆச்சு'ன்னு சொன்னப்ப ஆகல. ஊசியில மருந்தே எடுக்கல. இது அப்பதான் சாப்பிட்டுக்கிட்டு இருந்துச்சு. முதல் தடவை கூப்பிட்டப்பவே போயிருந்தா, புட்டியைக் கொண்டா, உருட்டிக் காட்டு, எங்க போடப் போறன்னு ஆரம்பிப்பார். தினம் அதேதான். ரெண்டாவது தடவைக்கு நான் கத்தினேன். 'ஆச்சுன்னு சொல்றேன்ல, அப்பா'ன்னு. தெல்பினா அதை மறைச்சுச் சொல்லிட்டுப் போறா. கத்தினேன்."

"சரி, கத்தின. அதனால என்ன? எல்லாரும்தான் கத்துவோம்."

"அப்புறம் இதைத் தூக்கி மடியில வச்சு, தோலைப் பிடிச்சு, ஊசியைக் குத்திட்டேன். அப்பதான் கூப்பிட்டார். 'நேனா'ன்னு."

ஓஸ்வால்தோவின் முகம் மாறியது. அம்மா உயிரோடு இருந்த காலத்தில், நெரெய்தா பள்ளிக்கூடத்துக்குப் போகத் தொடங்குமுன் வீட்டில் இருந்த பேர் அது. அவனே அதைக் கேட்டதில்லை, கேள்விப்பட்டதுதான்.

"ஊசியைப் பிடுங்கிட்டுப் போயிருக்கலாம். ரெண்டு யூனிட்டு, அரை நொடி. நான் நிதானமா அழுத்தினேன். எடுத்தேன். ரோமம் நனைஞ்சிருக்கான்னு மோந்து பார்த்தேன். ஊசியைக் கழுவி டம்ளர்ல போட்டேன். சத்தம் நின்னுடுச்சு. அப்பாடா, அடங்கிட்டார்னு நெனச்சேன். காபி போட்டேன். முதல்ல எனக்கு ஊத்திக்கிட்டேன். முற்றத்துல உக்காந்து குடிச்சேன். அப்புறம் அவருக்கு எடுத்துக்கிட்டுப் போனேன்."

கட்டிலுக்கு அடியில் செருப்பு உராய்ந்தது. பூனை புரண்டு படுத்திருக்கும். இரண்டு பேரும் குனிந்து பார்க்கவில்லை.

"எவ்வளவு நேரம்?" என்றான் ஓஸ்வால்தோ.

"காபி குடிக்கிற நேரம்."

"சிரிப்பு?"

"இல்ல. கண்ணு திறந்திருந்துச்சு. கதவுப் பக்கம்."

அவன் ஜன்னலுக்குப் போனான். வெளியே யாரோ குழந்தையைக் குளிப்பாட்டிக்கொண்டிருந்தார்கள், அது வீல் வீல் என்று கத்தியது. அவன் திரும்பாமலே கேட்டான்.

"காபி நல்லா இருந்துச்சா?"

அவள் யோசித்தாள். நிஜமாகவே யோசித்தாள். காலை வெயில் இன்னும் ஏறாத முற்றம், பானையின் ஈர வாசனை, காலடியில் நக்கிக்கொண்டிருந்த பூனை, கூப்பிட யாரும் இல்லாத பத்து நிமிஷம்.

"இருந்துச்சு" என்றாள்.

ஓஸ்வால்தோ அறையை விட்டுப் போனான். நடைக் கதவு திறந்து மூடிக்கொண்டது. அடித்துச் சாத்தவில்லை. சாத்தியிருந்தால் தேவலை என்று அவளுக்கு இருந்தது.

மணி ஏழே கால். ஏழரை. அவள் தரையிலேயே உட்கார்ந்திருந்தாள். ஒரு தடவை, இப்படியே எழுந்து போய்விட்டால் என்ன என்று தோன்றியது. இன்றைக்குப் போடாமல், நாளைக்குப் போடாமல், பூனை தானாகத் தண்ணீரைக் குடித்துக் குடித்து வற்றிப் போய்விட்டால், காலை ஏழு மணிக்கு இந்த வீட்டில் எந்த வேலையும் இருக்காது. தோன்றியதற்காகத் தன் முழங்கையைத் தானே கிள்ளிக்கொண்டாள்.

பூனைக்கு அதெல்லாம் தெரியாது. பசி வந்ததும் வந்தது. முதலில் மூக்கு, பிறகு மீசை, பிறகு செருப்பிலிருந்து இறங்கிய மொத்த உடம்பு. கிண்ணத்தை ஒரு சுற்றுச் சுற்றிவிட்டு, அவளைப் பார்க்காமல், மீனைத் தின்னத் தொடங்கியது. தின்னும்போது அதன் தோள் எலும்புகள் மேலும் கீழும் போய்வந்தன.

நெரெய்தா புட்டியை எடுத்து வந்தாள். உள்ளங்கைகளுக்கு நடுவில் வைத்து உருட்டினாள், தண்ணீரும் வண்டலும் சேர்ந்து பால் மாதிரி ஆகும் வரை. இரண்டு யூனிட் இழுத்தாள். குமிழியைச் சுண்டி வெளியே விட்டாள். காலையில் இடது பக்கம் போட்டிருந்தாள், இப்போது வலது பக்கம். தோலைத் தூக்கினாள், குத்தினாள், அழுத்தினாள். மந்தேகா தின்பதை நிறுத்தவே இல்லை. குனிந்து ரோமத்தை மோந்து பார்த்தாள். காய்ந்திருந்தது. மீன் நாற்றமும், கட்டிலடித் தூசியும், அப்பா காலில் தடவுகிற கற்பூரத் தைலமும் சேர்ந்து வந்தன. முகத்தை எடுக்க அவளுக்குக் கொஞ்ச நேரம் ஆனது.

வீட்டைப் பூட்டிக்கொண்டு வெளியே வந்தபோது தெரு இன்னும் மஞ்சளாகத்தான் இருந்தது, கோடையில் எங்களுக்கு இருட்ட எட்டு மணி ஆகும். ரிக்‌ஷா நின்றிருந்தது. ஓஸ்வால்தோ அதில் உட்கார்ந்திருந்தான்.

"அரை மணின்னீங்க" என்றார் ரிக்‌ஷாக்காரர்.

"பூனை சாப்பிடல" என்றாள் நெரெய்தா.

"அதுவும் துக்கம்தானேம்மா" என்று சொல்லி அவர் மிதித்தார்.

ஏற்றம் வந்தபோது ஓஸ்வால்தோ இறங்கி, பின்னாலிருந்து தள்ளிக்கொண்டே வந்தான். ஏற்றம் முடிந்த பிறகும் ஏறவில்லை. மண்டபம் வரை பக்கத்திலேயே நடந்து வந்தான்.

உள்ளே ஆள் கூடியிருந்தது. பட்டறையில் எவெலியோவோடு வேலை பார்த்த பழைய ஆட்கள் ஒரு வண்டி வந்திருந்தார்கள், கையில் பூவளையம், அதில் பட்டறைப் பேரை எழுதிய ரிப்பன். தெல்பினா அதற்குள் வந்து அத்தைக்குப் பக்கத்தில் உட்கார்ந்து காபி குடித்துக்கொண்டிருந்தாள். நெரெய்தா தன் பழைய ஆடும் நாற்காலியில் போய் உட்கார்ந்தாள்.

கூட்டத்தில் ஒருவர், ஒல்லியான கிழவர், தொப்பியை நெஞ்சில் அழுத்திக்கொண்டு பெட்டிக்கு அருகில் வெகுநேரம் நின்றார். பிறகு ஓஸ்வால்தோவின் தோளைத் தொட்டார்.

"நானும் உங்கப்பாவும் ஒரே பெஞ்சுல இருபத்தாறு வருஷம், தம்பி. எப்படி ஆச்சு? கஷ்டப்பட்டாரா?"

நெரெய்தா ஆடுவதை நிறுத்தினாள்.

ஓஸ்வால்தோ வாயைத் திறந்தான். நாள் முழுக்கச் சொன்ன பழக்கத்தில் வார்த்தை நாக்கு நுனி வரை வந்துவிட்டது, வந்ததை எல்லாரும் பார்த்தார்கள். பிறகு வாயை மூடிக்கொண்டான். பெட்டியின் விளிம்பில் ஒரு பூ இதழ் கிடந்தது, அதை விரலால் தள்ளினான்.

"நான் ஊர்ல இல்லைங்க" என்றான். "அக்காதான் கூட இருந்தா. அவளைக் கேளுங்க."

கிழவர் திரும்பினார். நாற்காலிகளுக்கு நடுவில் வழி கேட்டுக்கொண்டு, ஒவ்வொரு அடியாக, நெரெய்தாவை நோக்கி வந்தார். காது கொஞ்சம் மந்தம் போலிருக்கிறது, வரும்போதே தலையை ஒரு பக்கமாகச் சாய்த்துக்கொண்டு வந்தார்.

நெரெய்தா பக்கத்திலிருந்த நாற்காலியை அவருக்காகத் தன் பக்கம் இழுத்துப் போட்டாள்.

அவ்வளவுதான். இதற்கு மேல் நான் சொன்னால் நன்றாக இருக்காது. உங்களையும் யாராவது ஒரு நாள் கூப்பிட்டு, கையில் ஏதோ வேலை இருந்து, நீங்கள் போகாமல் இருந்திருப்பீர்கள். இருந்தால் எழுதுங்கள். என்ன வேலை கையில் இருந்தது என்பதையும் மறக்காமல் எழுதுங்கள்.